ஒரு வெள்ளிக்கு எத்தனை ரூபாய்? மலாக்காத் தமிழர் கூலியும் நாணயக் கொள்கை விவாதங்களும் (1826–1967)

முன்னுரை

மலாயாத் தோட்டத் தமிழரின் கூலி வரலாறு பெரும்பாலும் காசுக் கணக்கிலேயே எழுதப்பட்டு வந்திருக்கிறது. நாளுக்கு ஆணுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு, பொருளாதார மந்தத்தில் அது குறைந்தது, பின்னர் ஏறியது. இந்தக் கணக்கு பிழையானதல்ல, ஆனால் பாதியில் நின்றுவிடுகிறது. மலாக்காவின் ஜாசினிலும் மெர்லிமாவிலும் புக்கிட் ஆசஹானிலும் பால்மரம் வெட்டியவர் கூலி வாங்கியது வெள்ளியில், அதாவது மலாயாவின் டாலரில். தமிழ்நாட்டுச் சொந்த ஊரில் அவர் தீர்க்க வேண்டிய கடன், மீட்க வேண்டிய அடகு, பெற்றோருக்கு அனுப்ப வேண்டிய பணம் எல்லாம் ரூபாயில். ஆகவே அவருடைய உண்மையான கூலியை இரண்டு பேர் தீர்மானித்தார்கள்: சம்பளம் போட்ட தோட்ட நிர்வாகம் ஒருவர், ஒரு வெள்ளிக்கு எத்தனை ரூபாய் என்று வகுத்த அரசு இன்னொருவர். முதலாமவரைப் பற்றி நிறையப் பேசியிருக்கிறோம். இரண்டாமவரைப் பற்றியது இக்கட்டுரை.

அந்த மாற்று விகிதம் இயற்கையாக அமைந்ததன்று. மத்திய வங்கி தோன்றுவதற்கு முந்திய காலத்தில், லண்டனிலும் கல்கத்தாவிலும் சிம்லாவிலும் டில்லியிலும் நடந்த கொள்கை விவாதங்களின் விளைவு அது. ரூபாயின் விலையையும் வெள்ளியின் விலையையும் வகுப்பதில் முன்னின்றவர்கள் பலசமயம் ஒரே ஆட்களாகவே இருந்தார்கள் என்பது இவ்வரலாற்றின் மையமான செய்தி.

கம்பெனி ரூபாயும் ஸ்பானிய நாணயமும்

நாணயமும் ஆட்சியும் பிரிக்க முடியாதவை என்பதை மலாக்கா முன்பே கண்டிருந்தது. 1511இல் நகரைக் கைப்பற்றிய போர்ச்சுகீசியத் தளபதி அல்புகெர்க், சுல்தான் காலத்து ஈயக்காசுகளுக்குப் பதிலாகத் தன் அரசரின் பெயரில் புதிய காசு வெளியிட்டார்.

நமக்கு வேண்டிய விவாதம் 19ஆம் நூற்றாண்டில் தொடங்குகிறது. 1824 ஆங்கிலேய–டச்சு ஒப்பந்தப்படி மலாக்கா ஆங்கிலேயரிடம் வந்தது. 1826இல் பினாங்கு, சிங்கப்பூருடன் நீரிணைக் குடியேற்றங்களில் ஒன்றாயிற்று. ஆட்சி நடத்தியது கிழக்கிந்தியக் கம்பெனி. அரசின் கணக்கு ரூபாயில் இருந்தது. கடைத்தெருவின் கணக்கோ ஸ்பானிய, மெக்சிக்க வெள்ளி நாணயங்களில். சீனா முதல் ஜாவா வரை வணிகம் முழுவதும் அந்த நாணயங்களில் நடந்ததால் வணிகர்கள் ரூபாயை ஏற்க மறுத்தார்கள். 1855இல் இந்திய அரசு தன் நாணயத்தைச் சட்டபூர்வமாகத் திணிக்க முயன்றபோது பெரிய எதிர்ப்பு எழுந்தது. இக்குடியேற்றங்களை இந்திய ஆட்சியிலிருந்து பிரிக்கக் கோரிய இயக்கத்துக்கு அதுவும் ஒரு காரணம். 1867 ஏப்ரல் 1 அன்று மலாக்கா லண்டனிலிருந்த குடியேற்ற அலுவலகத்தின் நேரடி ஆட்சிக்கு மாறியது. ரூபாய் சட்டபூர்வ நாணயமாக இருப்பதும் முடிந்தது.

அந்த நாளில் இம்மாற்றம் தமிழ்க் கூலியாளைப் பெரிதாகத் தொட்டிருக்காது. ரூபாயும் உலோக வெள்ளி, டாலரும் உலோக வெள்ளி. ஒரு ரூபாயில் 165 கிரெயின் தூய வெள்ளி. மெக்சிக்க டாலரில் ஏறத்தாழ 377 கிரெயின். எடை போட்டுப் பார்த்தால் ஒரு டாலர் இரண்டேகால் ரூபாயை ஒட்டி வந்தது. உலகச் சந்தையில் உலோகத்தின் விலை இறங்கினாலும் இரண்டும் சேர்ந்தே இறங்கின.

1893: இணை பிரிந்த இரு நாணயங்கள்

1870களில் ஜெர்மனியும் பிற ஐரோப்பிய நாடுகளும் தங்கத்துக்கு மாற, வெள்ளி உலோகத்தின் விலை தொடர்ந்து சரிந்தது. லண்டனுக்குப் பிரிட்டிஷ் பவுனில் பணம் கட்ட வேண்டியிருந்த இந்திய அரசு திணறியது. ஹெர்ஷல் குழுவின் பரிந்துரைப்படி 1893இல் இந்திய நாணயச்சாலைகள் பொதுமக்கள் கொண்டுவரும் வெள்ளிக்கு மூடப்பட்டன. இதற்கு முன்னின்றவர் அன்றைய இந்திய நிதி உறுப்பினர் சர் டேவிட் பார்பர். 1898 அளவில் ரூபாய் 1 ஷில்லிங் 4 பென்ஸ், அதாவது 16 பென்ஸ் என்ற நிலைக்கு வந்து நின்றது.

மலாயாவின் டாலரோ உலோகத்தோடு கட்டுண்டே கிடந்தது. 1902 இறுதியில் லண்டனில் ஒரு அவுன்ஸ் வெள்ளி 22 பென்சுக்கும் கீழே போயிற்று. அந்த விலையில் டாலரின் உலோக மதிப்பு 18 பென்சைச் சற்றே தாண்டும். இரண்டேகால் ரூபாய் பெற்ற ஒரு வெள்ளி, பத்தாண்டுக்குள் ஒன்றேகால் ரூபாய்க்கும் கீழே இறங்கிவிட்டது. கூலி ஒரு காசும் குறையாமலே, ஊரில் அந்தக் கூலியின் மதிப்பு ஏறத்தாழ பாதியாயிற்று. தமிழ்நாட்டுக் கிராமத்தில் ஆள் திரட்டப் போன கங்காணி, எத்தனை வெள்ளி என்று சொன்னால் போதாது. ரூபாயில் எவ்வளவு தேறும் என்றே ஊரார் கேட்டிருப்பார்கள்.

இச்சிக்கலைத் தீர்க்க 1902இல் குடியேற்ற அலுவலகம் அமைத்த குழுவுக்குத் தலைவரானவர் அதே டேவிட் பார்பர். ரூபாய்க்குச் செய்ததையே வெள்ளிக்கும் செய்யச் சொன்னது அவர் குழு. 1903இல் பம்பாய் நாணயச்சாலையில் அச்சிட்ட புதிய நீரிணை டாலர் வந்தது. பழைய மெக்சிக்க, பிரிட்டிஷ் டாலர்கள் விலக்கப்பட்டன. 1906இல் ஒரு வெள்ளி 2 ஷில்லிங் 4 பென்ஸ், அதாவது 28 பென்ஸ் என நிலைநிறுத்தப்பட்டது. 28ஐ 16ஆல் வகுத்தால் ஒன்றேமுக்கால். பத்து வெள்ளி அனுப்பினால் ஊரில் 17 ரூபாய் 8 அணா.

காலப் பொருத்தத்தைக் கவனிக்க வேண்டும். டான் சாய் யான் 1896இல் மலாக்காவின் புக்கிட் லிந்தாங்கில் ரப்பரை வணிகப் பயிராக நட்டார்; பிறகு புக்கிட் ஆசஹானில் பெரிய அளவில் நட்டார். பவுனில் மாறாத வெள்ளி லண்டன் முதலீட்டாளருக்கு நம்பிக்கை தந்த அதே ஆண்டுகளில் ரப்பர்க் கம்பெனிகள் பெருகின. 1907இல் தொழிலாளரை வரவழைக்கும் செலவுக்கான தமிழர் குடியேற்ற நிதி ஏற்பட்டது. மூலதனத்தின் வருகைக்கும் ஆள்களின் வருகைக்கும் நிலையான மாற்று விகிதம் ஒரே நேரத்தில் வழி திறந்தது.

1919: பத்து வெள்ளிக்குப் பத்து ரூபாய்

முதல் உலகப் போரின்போது உலோக வெள்ளியின் விலை ஏறியது. ரூபாயில் அடங்கிய உலோகம் அதன் முகமதிப்பை விஞ்சிவிடும் என்ற நிலையில், இந்திய அரசு ரூபாயின் விலையைப் படிப்படியாக உயர்த்தியது. 1917 ஆகஸ்டில் 17 பென்ஸ், 1919 ஆகஸ்டில் 22 பென்ஸ், 1919 டிசம்பரில் 28 பென்ஸ். வெள்ளியின் விலையும் 28 பென்ஸ்தான். ஆக அந்த டிசம்பரில் அரசு விகிதப்படி ஒரு வெள்ளிக்கு ஒரே ஒரு ரூபாய். 17 ரூபாய் 8 அணா தந்த பத்து வெள்ளி இப்போது 10 ரூபாய் தந்தது.

மலாயாவில் அப்போது அரிசித் தட்டுப்பாடு வேறு. தோட்டத்து அரிசியில் பெரும்பங்கு பர்மாவிலிருந்து வந்தது; பர்மா ரூபாய் நாடு. எனவே ரூபாய் ஏறியபோது தொழிலாளி இரு முனையிலும் அடிபட்டார்: ஊருக்கு அனுப்பியது சுருங்கியது, இங்கே வாங்கிய அரிசிக்குக் கூடுதல் வெள்ளி தேவைப்பட்டது. இந்திய நாணயத்தை ஆராய்ந்த பாபிங்டன் ஸ்மித் குழு ரூபாய்க்குப் பரிந்துரைத்த 2 ஷில்லிங் விகிதமும் நிலைக்கவில்லை. 1921க்குள் ரூபாய் மீண்டும் 16 பென்ஸ் வரை சரிந்தது. இந்த ஏற்ற இறக்கத்தைத் தாங்க மூலதனம் வைத்திருந்த, வட்டித்தொழில் செய்த செட்டியார் கிட்டங்கிகளால் உண்டியல் (பணமாற்று) விலையைத் திருத்திக்கொண்டு தொழில் நடத்த முடிந்தது. சம்பளநாளன்று கையில் வந்ததை மணியார்டர் எடுத்தவருக்குக் காத்திருக்க வழியில்லை.

1927: டில்லியில் எடுத்த முடிவு

இந்திய நாணய வரலாற்றின் மிகக் கடுமையான விவாதம் அடுத்து வந்தது. ரூபாய் 16 பென்சா, 18 பென்சா? இந்திய நாணயத்தை ஆராய்ந்த ஹில்டன் யங் ஆணையம் 1926இல் 18 என்றது. ஆணையத்தில் இருந்த புருஷோத்தம்தாஸ் தாகூர்தாஸ் மறுப்புக் குறிப்பு எழுதி 16க்கு வாதாடினார். ஏற்றுமதியாளரும் ஆலை முதலாளிகளும் அவர் பக்கம். உயர்ந்த ரூபாயால் விவசாயிக்கு விளைபொருள் விலை குறையும் என்பது அவர்கள் வாதம். மறுபுறம், ரூபாயின் விலையைக் குறைப்பது வணிகருக்கு ஆதாயமும் கூலிக்காரருக்கு விலையேற்றமுமாக முடியும் என்பது ஆணையத்தின் முன் அம்பேத்கர் வைத்த கருத்து. நிதி உறுப்பினர் சர் பாசில் பிளாக்கெட் 18 பென்ஸ் மசோதாவை 1927இல் சட்டமன்றத்தில் மிகச் சொற்ப வாக்கு வித்தியாசத்தில் நிறைவேற்றினார்.

இந்த வாதங்களில் கூலிக்காரர் என்றால் இந்தியாவுக்குள் ரூபாயில் கூலி வாங்குபவர். மலாக்காத் தோட்டத்துத் தமிழர் அந்த வகையில் அடங்காதவர். உழைப்பால் கூலியாள்; ஆனால் நாணயக் கணக்கில் ஏற்றுமதியாளர் நின்ற இடத்தில் நின்றவர். அயல் நாணயத்தில் ஈட்டி ரூபாயாக மாற்றுபவருக்கு உயர்ந்த ரூபாய் நட்டமே.

கணக்கு இப்படி: 28ஐ 18ஆல் வகுத்தால் ஏறத்தாழ 1.56. பத்து வெள்ளிக்கு இனிச் சுமார் 15 ரூபாய் 9 அணா. மலாயாவின் முக்கிய வட்டாரங்களில் 1920களின் இறுதியில் ஆணுக்கு நிர்ணயமான 50 காசு நாட்கூலியைப் பழைய விகிதத்தில் மாற்றினால் 14 அணா. புதிய விகிதத்தில் பன்னிரண்டரை அணாவுக்கும் சற்றுக் குறைவு. 1930இல் கூலி 40 காசாகக் குறைக்கப்பட்டபோது அது 10 அணா ஆயிற்று. 14 அணாவிலிருந்து 10 அணாவுக்கு இறங்கிய இந்தச் சரிவில் ஒன்றரை அணாவுக்கு மேல் நாணயக் கொள்கையின் பங்கு. கூலிக்குறைப்பைத் தொழிலாளி கண்ணால் கண்டார். விகித இழப்பு மணியார்டர்ச் சீட்டில் மறைந்திருந்தது.

உயர்ந்த ரூபாயால் ஊரில் விலைவாசி இறங்கியிருந்தால் அந்த ஒன்றரை அணா ஈடாகியிருக்குமே என்ற வாதத்தையும் எடைபோட வேண்டும். அன்றாடச் செலவுக்கு அது ஓரளவு பொருந்தும். கடனுக்குப் பொருந்தாது. நூறு ரூபாய்க்கு எழுதிய கடன்பத்திரம் விலைவாசி இறங்கினாலும் நூறு ரூபாயாகவே நிற்கும். கடனை அடைக்கவே கப்பலேறிய பலருக்கு அந்த நூறு ரூபாய்தான் கணக்கு.

நாணய வாரியம்: தானே இறுகும் கயிறு

1899 முதல் நோட்டு வெளியிட்டது நீரிணைக் குடியேற்றங்களின் நாணய ஆணையர் வாரியம். பவுன் கொடுத்தால் வெள்ளி தரும்; வெள்ளி கொடுத்தால் பவுன் தரும். அவ்வளவே அதன் வேலை. கடன் தராது, வட்டி விகிதம் வகுக்காது, நெருக்கடியில் வங்கிகளைத் தாங்காது. நோட்டுக்கான ஈட்டில் பெரும்பகுதி லண்டனில் பவுன் பத்திரங்களாக இருந்தது. இதனால் நாணயத்தின் விலை அசையவில்லை. அசைய வேண்டிய எல்லாம் கூலியிலும் வேலையிலும் அசைந்தன. ரப்பர் விலை விழுந்தால் பவுன் வரவு குறையும். புழக்கத்தில் உள்ள வெள்ளி சுருங்கும். தோட்டங்கள் ஆளைக் குறைக்கும். 1930களின் தொடக்கத்தில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியத் தொழிலாளர்கள் மலாயாவிலிருந்து திருப்பி அனுப்பப்பட்டது இந்த ஏற்பாட்டின் மனித விலை.

1931 செப்டம்பரில் பிரிட்டன் தங்கத்தைக் கைவிட்டபோது ரூபாயும் வெள்ளியும் பவுனோடு சேர்ந்தே இறங்கின. ஆகவே இரண்டுக்கும் இடையிலான விகிதம் மாறவில்லை. 1933இல் மலாயா நாணய முறையை ஆராய அழைக்கப்பட்டவர் யார்? டில்லியில் 18 பென்ஸ் மசோதாவை நிறைவேற்றிய பாசில் பிளாக்கெட். நாணய லாபத்தை மலாய் மாநிலங்களுக்கும் பங்கிடும் பொது வாரியத்தை அவர் 1934 அறிக்கை பரிந்துரைத்தது. 1938இல் அது அமைந்தது. பார்பரைப் போலவே பிளாக்கெட்டும் தமிழ்த் தொழிலாளியின் இரு நாணயங்களிலும் கைவைத்தவர். இந்தியாவுக்கு 1935இல் ரிசர்வ் வங்கி கிடைத்தது. மலாயா வாரியத்தோடு நின்றது.

கூலிப் போராட்டம் வேறு தடத்தில் சென்றது. வி. எஸ். சீனிவாச சாஸ்திரி 1936–37இல் மலாயா வந்து, பழைய கூலியைத் திரும்பத் தரவும் கங்காணி முறை ஆள்திரட்டலை நிறுத்தவும் பரிந்துரைத்தார். 1938இல் மீண்டும் கூலி குறைக்கப்பட்டபோது, உதவிபெற்ற தொழிலாளர் குடிபெயர்வை இந்திய அரசு அந்த ஜூனில் தடைசெய்தது.

ஜப்பானியர் காலத்தில் (1942–45) இதற்கு நேர்மாறான பாடம். ஈடே இல்லாமல் அச்சடித்துத் தள்ளிய வாழைமர நோட்டு விலைவாசியை எட்டாத உயரத்துக்கு ஏற்றியது. ஆங்கிலேயர் திரும்பியதும் செல்லாக் காகிதமானது. சேமித்ததையெல்லாம் அதில் வைத்திருந்தவர் முழுவதும் இழந்தார்.

மத்திய வங்கியும் 1967இன் 85 காசும்

விடுதலையை ஒட்டி மத்திய வங்கி வேண்டுமா என்ற விவாதம் எழுந்தது. 1955இன் உலக வங்கி அறிக்கையும் 1956இன் வாட்சன்–கெய்ன் அறிக்கையும் வேண்டும் என்றன. 1959 ஜனவரி 26 அன்று பேங்க் நெகாரா பிறந்தது. முதல் ஆளுநர் ஆஸ்திரேலியரான டபிள்யூ. எச். வில்காக்; 1962இல் துன் இஸ்மாயில் முகமது அலி பொறுப்பேற்றார். ஆனால் நோட்டு வெளியிடும் உரிமை 1967 ஜூன் 12 வரை பழைய வாரியத்திடமே இருந்தது.

இதற்கிடையே 1927இல் அமைந்த விகிதம், ஜப்பானியர் காலம் நீங்கலாக, கிட்டத்தட்ட 40 ஆண்டு நீடித்தது. 1949இல் பவுன் மதிப்பிறங்கியபோதும் இரண்டும் கூடவே இறங்கின. 1966 ஜூனில் இந்தியா ரூபாயின் மதிப்பைக் குறைத்ததும் ஒரு வெள்ளி ஏறத்தாழ 2 ரூபாய் 45 பைசா ஆயிற்று. மலாக்காவின் பல குடும்பங்களுக்கு அப்போது ஊர்த்தொடர்பு தளர்ந்து, வாழ்வும் சேமிப்பும் மலேசியாவில் வேரூன்றிவிட்டன. வேண்டிய காலத்தில் கிடைக்காத விகிதம் காலம் கடந்து கிடைத்தது.

அடுத்த ஆண்டு அடி வந்தது சேமிப்பின்மீது. 1967 நவம்பரில் பவுன் 14.3 விழுக்காடு மதிப்பிறங்கியது. பேங்க் நெகாராவின் புதிய வெள்ளி தன் மதிப்பைக் காத்துக்கொண்டது. பவுன் ஈட்டில் நின்ற பழைய வாரிய நோட்டோ, வெள்ளிக்கு 85 காசு என்று குறைக்கப்பட்டது. பினாங்கில் ஹர்த்தாலும் கலவரமும் வெடித்தன. வங்கிக் கணக்கு வைத்திருந்தவரைவிட, கையிருப்பைப் பழைய நோட்டாக வீட்டுப் பெட்டியில் வைத்திருந்தவரே அதிகம் இழந்தார். தோட்ட லயத்து வீடுகளில் சேமிப்புக்கு அதுவே வழக்கமான இடம். நூறு வெள்ளிக்குப் பதினைந்து வெள்ளி, தம் தவறு ஏதுமின்றிப் போயிற்று.

முடிவுரை

இந்த 140 ஆண்டு வரலாற்றில் ஒரே போக்கு மீண்டும் மீண்டும் வருகிறது. 1893, 1906, 1919, 1927, 1967 ஆகிய ஒவ்வொரு திருப்பத்திலும் முடிவெடுத்தவர்களுக்கு வலுவான காரணம் இருந்தது: இந்திய வரவுசெலவு, லண்டன் முதலீடு, உலோக விலை, புதிய நாணயத்தின் நம்பகம். 1906 நீங்கலாக மற்ற ஒவ்வொன்றிலும் செலவின் ஒரு பங்கு அந்த அறையில் குரலற்ற தோட்டத் தொழிலாளியின்மீது விழுந்தது. அதை அவரால் எதிர்த்துப் போராடவும் முடியவில்லை. கூலியைக் குறைத்தால் வேலைநிறுத்தம் செய்யலாம். விகிதத்தை மாற்றியவரிடம் நிறுத்த வேலை எதுவும் இல்லை.

எனவே தோட்டத் தமிழரின் கூலி அட்டவணையில் காசுக்குப் பக்கத்தில் ரூபாய்க்கும் ஒரு பத்தி போட்டாக வேண்டும் என்பது இவ்வாய்வின் முடிவு. அதற்கான சான்றுகள் கோலாலம்பூர், லண்டன் ஆவணக் காப்பகங்களில் மட்டும் இல்லை. செட்டியார் பேரேடுகளிலும், மணியார்டர்ச் சீட்டுகளிலும், தோட்டத்துச் செக்ரோல் (வருகைப் பதிவு) புத்தகங்களிலும் இருக்கின்றன. துண்டாடப்பட்டும் செம்பனைக்கு மாறியும் வீடமைப்புக்கு விற்கப்பட்டும் தோட்டங்கள் மறையும்போது இந்தத் தாள்களும் அழிகின்றன. மலாக்காவின் கோயில் நிர்வாகங்களும் தமிழ்ப்பள்ளிகளும் முன்னாள் கிராணி (தோட்ட எழுத்தர்) குடும்பங்களும் கைவசம் உள்ளவற்றைத் திரட்டிப் படியெடுத்து வைத்தால், ஒரு தலைமுறையின் உழைப்பு உண்மையில் எவ்வளவு பெற்றது என்பதை இன்னமும் கணக்கிட முடியும்.