பராட்டே

பத்திரிகைகள் 'பரேட் சட்டம்' என்றெழுத, வாசிப்போர் சிப்பாய்களின் அணிவகுப்பை நினைக்கும் இச்சொல்லின் மெய்யுரு 'பராட்டே'. 'ஆயத்தமான' என்னும் அர்த்தமுள்ள லத்தீன் மூலத்தினின்று (அணிவகுப்பின் 'பரேட்'டும் அதற்கு உறவே) ஒல்லாந்த மொழியிற் புகுந்து, ரோமன்-டச்சுச் சட்டத்தோடு இலங்கைக்கு வந்து, நியாயஸ்தலத்தின் தீர்ப்புக்குக் காத்திராமலே ஈட்டுச் சொத்தை விற்க 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம் வங்கிகளுக்களித்த அதிகாரத்தைக் குறிக்கலாயிற்று. ஹட்டன் நஷனல் வங்கி சம்பந்தப்பட்ட வழக்கொன்றிலே, பிறர் கடனுக்காக மூன்றாமவர் ஈடுவைத்த சொத்தின்மேல் அவ்வதிகாரம் செல்லாதென உயர் நீதிமன்றம் 2006இல் தீர்ப்பளித்தது. இச்சொல்லை 'ஆயத்த ஏலம்' எனப் பெயர்த்தால் மூலம் விளங்கும், அதன் கடுமை விளங்காது. ஆதலின் 'வழக்கில்லா ஏலம்' என்பதே என் அபிப்பிராயத்திற் பொருத்தம்.