உதிர்தலும் ஓர் ஒழுங்கே

நம் உடலில் நாள்தோறும் கோடிக்கணக்கான உயிரணுக்கள் மடிகின்றன. இது நோயன்று, உடலின் ஒழுங்கு. கருவிலுள்ள குழந்தையின் விரலிடைகளை முதலில் ஒரு சவ்வு இணைத்திருக்கும். அவ்விடத்து அணுக்கள் உரிய காலத்தில் மடிவதனாலேயே விரல்கள் பிரிகின்றன.

தவளையினத் தலைப்பிரட்டையில் இத்தகைய மரணத்தைக் கார்ல் ஃபோக்ட் 1842-இலேயே கண்டார். 1972-இல் கெர், வைலி, கரி ஆகிய மூவரும் அதற்கு 'அபோப்டோசிஸ்' என்று பெயரிட்டனர். இலையுதிர்வைக் குறிக்கும் கிரேக்கச் சொல் அது.

உதிர ஆணையிடுவது யார்? ஒரு மில்லிமீட்டர் நீளமுள்ள மண்புழுதி வாழ் உருளைப்புழு ஒன்று விடை தந்தது. கேம்பிரிட்ஜில் சிட்னி பிரென்னர் அதனை ஆய்வுக்குத் தேர்ந்தார். ஜான் சல்ஸ்டனும் உடன் உழைத்தோரும் அதன் அணுக்களை ஒவ்வொன்றாகப் பின்தொடர்ந்து எண்ணினர். இருபால் புழுவில் 1,090 உடலணுக்கள் தோன்றுகின்றன, அவற்றுள் 131 மடிகின்றன, 959 எஞ்சுகின்றன. 1986-இல் ராபர்ட் ஹார்விட்ஸின் ஆய்வுக்கூடம் இம்மரணத்திற்கு இன்றியமையாத இரு மரபணுக்களை அறிவித்தது. பின்னர், அணுவைக் காக்கும் மற்றொன்றும் புலப்பட்டது.

இதற்கிடையே, புற்றுநோய் ஆய்வாளர் வேறு வழியாக அதே வாயிலுக்கு வந்து சேர்ந்தனர். ஒருவகை நிணநீர்ப் புற்றுநோயில் 14, 18 ஆம் குரோமோசோம்களின் துண்டுகள் இடம் மாறியிருந்தன. அங்கே அகப்பட்ட மரபணுவே 'பிசிஎல்-2'. அதன் புரதம் அணுக்களைப் பெருக்குவதாகவே எவரும் எண்ணுவர். ஆனால், 1988-இல் மெல்போர்னில் டேவிட் வாக்ஸும் துணைவரும் உண்மையைக் காட்டினர்: அது அணுவைப் பெருக்கவில்லை, சாகவிடாமல் தடுத்தது! புற்று என்பது பிறப்பின் மிகுதி மட்டுமன்று, இறக்க மறுத்தலுமாகும் என்பது அன்று தெளிவாயிற்று. மனிதனின் பிசிஎல்-2 புழுவிலும் அணுமரணத்தைத் தடுத்ததை 1992-இல் கண்டபோது வியப்பு இரட்டித்தது. புழுவையும் மனிதனையும் காக்கும் புரதங்கள் உறவினங்களே.

இவை இயங்கும் முறையும் பின்னர் விளங்கியது. பாக்ஸ், பாக் என்னும் புரதங்கள் அணுவின் ஆற்றற்கூடமாகிய மைட்டோகாண்ட்ரியாவின் புறச்சவ்வைத் துளைக்கின்றன. கசியும் சைட்டோகுரோம்-சி, 'காஸ்பேஸ்' எனும் வெட்டுப் புரதங்களை எழுப்புகிறது. பிசிஎல்-2 அத்துளைப்போரைத் தடுத்து நிறுத்தும் காவலன்.

பிரென்னர், ஹார்விட்ஸ், சல்ஸ்டன் ஆகியோர் 2002-இல் நோபல் பரிசு பெற்றனர். பிசிஎல்-2-ஐ முடக்கும் வெனெட்டோகிளாக்ஸ் என்னும் மருந்து 2016-இல் அமெரிக்காவில் ஒருவகை இரத்தப் புற்றுக்கு ஒப்புதல் பெற்றது. புழுவின் 131 அணுக்களைப் பொறுமையுடன் எண்ணியோர் மருந்தை நாடி எண்ணவில்லை. உண்மையை நாடியே எண்ணினர். அவ்வுண்மை, நேயர்களே, இன்று நோயாளியின் படுக்கையருகே மருந்தாய் வந்து நிற்கிறது.