மூட்டு நீரில் 50,000 செல்கள் இருந்தால் கிருமித் தொற்றா? ரிப்போர்ட்டில் உள்ள அந்த எண் என்ன சொல்கிறது?

ராத்திரி நல்லாத்தான் படுத்திருப்பார். காலையில் எழுந்து பார்த்தால் ஒரு பக்க முழங்கால் மட்டும் பந்து மாதிரி வீங்கியிருக்கும். தொட்டால் சுடும், மடக்கவும் முடியாது, ஊன்றவும் முடியாது. ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனால் டாக்டர் முதலில் சொல்வது இதுதான்: "மூட்டுல இருந்து கொஞ்சம் நீர் எடுத்து டெஸ்ட்டுக்கு அனுப்பணும்." உடனே வீட்டில் உள்ளவர்களுக்குப் பகீர் என்கிறது. "மூட்டுக்குள்ள ஊசியா? வேணாம் டாக்டர், இப்போதைக்கு மாத்திரை எழுதிக் கொடுங்க" என்று கேட்பவர்கள்தான் அதிகம்.

அந்த ஊசியில் வரும் சில மில்லி நீரைத்தான் டாக்டர் பெரிதும் நம்பியிருக்கிறார். அதில் எத்தனை வெள்ளையணுக்கள் இருக்கின்றன என்ற கணக்கு சில மணி நேரத்தில் கைக்கு வந்துவிடும். மூட்டைத் திறந்து கழுவ வேண்டுமா, ஆன்டிபயாடிக் தொடங்க வேண்டுமா, இல்லை இது வெறும் யூரிக் ஆசிட் பிரச்னையா என்பதில் அந்த எண்ணுக்குப் பெரிய பங்கு உண்டு.

ஆனால் அந்த எண்ணைத் தப்பாகப் படிப்பதும் ரொம்ப சுலபம்.

ஏன் இவ்வளவு அவசரம்?

மூட்டுக்குள் பாக்டீரியா புகுந்துவிட்டால் அதை எதிர்க்க வெள்ளையணுக்கள் படை படையாக உள்ளே வரும். அவை வெளியிடும் நொதிகள் கிருமியோடு சேர்த்து மூட்டின் குருத்தெலும்பையும் அரித்துவிடுகின்றன. சில நாட்களிலேயே சேதம் தொடங்கிவிடும். குருத்தெலும்பு ஒருமுறை போனால் பழையபடி வளராது. இந்தத் தொற்று வந்த பெரியவர்களில் சுமார் 10 சதவீதம் பேர் இறந்துபோவதாக மருத்துவ ஆய்வுகள் சொல்கின்றன. வயதானவர்கள், சுகர் உள்ளவர்கள், ஏற்கெனவே முடக்குவாதம் இருப்பவர்கள் இதில் அதிகம் மாட்டுகிறார்கள். பெரும்பாலும் காரணமாக இருப்பது ஸ்டஃபைலோகாக்கஸ் ஆரியஸ் என்ற பாக்டீரியா.

"காய்ச்சல் இல்லையே, அப்புறம் எப்படி இன்ஃபெக்‌ஷன்?" என்று பலர் கேட்பார்கள். மூட்டுத் தொற்று உறுதியானவர்களில் காய்ச்சல் இருந்தது கிட்டத்தட்ட 57 சதவீதம் பேருக்குத்தான். ரத்தத்தில் பார்க்கும் ஈஎஸ்ஆர், சிஆர்பி இரண்டும் எந்த அழற்சிக்கும் ஏறக்கூடியவை. எக்ஸ்ரேயில் ஆரம்ப நாட்களில் பெரிதாக எதுவும் தெரியாது. மிச்சம் இருப்பது மூட்டு நீர்தான்.

நல்ல மூட்டு நீர் எப்படி இருக்கும்?

நம் முழங்காலுக்குள் எப்போதும் சில மில்லி நீர் இருக்கும். முட்டையின் வெள்ளைக் கரு மாதிரி வழவழப்பாக, லேசான மஞ்சள் நிறத்தில், தெளிவாக இருக்கும். அந்த ட்யூபுக்குப் பின்னால் செய்தித்தாளைப் பிடித்தால் எழுத்தைப் படிக்கலாம். எழுத்து மங்கினால் உள்ளே செல்கள் பெருகியிருக்கின்றன என்று பொருள். இன்றைக்கும் பல டாக்டர்கள் லேபுக்கு அனுப்பும் முன் இப்படி ஒரு பார்வை பார்த்துக்கொள்வார்கள்.

ஒரு கன மில்லிமீட்டர் நீரில் 200-க்கும் குறைவான வெள்ளையணுக்கள் இருந்தால் நார்மல். 2,000 வரை என்றால் மூட்டுத் தேய்மானம், அடிபட்ட வீக்கம் போன்றவை. 2,000-ஐத் தாண்டினால் அழற்சி. அதில் முடக்குவாதம், கவுட் என்கிற யூரிக் ஆசிட் வாதம் எல்லாம் வரும். 50,000-ஐத் தாண்டினால் கிருமித் தொற்று என்று சந்தேகப்பட வேண்டும். மருத்துவ மாணவர்கள் மனப்பாடம் செய்யும் பட்டியல் இது. மூட்டு நீரை இப்படி வகைப்படுத்தும் வேலைக்கு அமெரிக்காவில் மரியன் ரோப்ஸ், வால்டர் பாவர் இருவரும் 1953-இல் வெளியிட்ட புத்தகம் பெரிய அடித்தளமாக இருந்தது.

சிக்கல் என்னவென்றால், அந்தப் பட்டியலில் இருக்கும் கோடுகளை நோய்கள் மதிப்பதில்லை!

50,000 என்பது சுவர் கிடையாது

2007-இல் அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் இதழில் வந்த ஓர் ஆய்வுத் தொகுப்பு, இந்த எண்களுக்கு எவ்வளவு எடை கொடுக்கலாம் என்று கணக்குப் போட்டது. செல் எண்ணிக்கை 50,000-ஐத் தாண்டினால் தொற்று இருக்கும் சாத்தியம் 7.7 மடங்கு எடை கூடுகிறது. 1 லட்சத்தைத் தாண்டினால் 28 மடங்கு. 25,000-ஐத் தாண்டினால் 2.9 மடங்குதான். 25,000-க்குக் கீழே இருந்தால் மூன்றில் ஒரு பங்காகக் குறைகிறது.

இதைப் புரியும்படி சொல்லலாம். ஒற்றை மூட்டு வீங்கி வரும் 100 பேரில் 25 பேருக்குத் தொற்று இருக்கலாம் என்று டாக்டர் முதலில் கணிக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். ரிப்போர்ட்டில் 1 லட்சத்துக்கு மேல் வந்தால் அந்த 25 என்பது சுமார் 90 ஆகிவிடும். 50,000-க்கு மேல் என்றால் சுமார் 72. 25,000-க்கு மேல் என்றால் பாதிக்குப் பாதி.

25,000-க்குக் கீழே வந்தால்? 25 என்பது 10 ஆகக் குறையும். பூஜ்யம் ஆகாது. அதாவது "கவுண்ட் கம்மிதான், ஒண்ணும் இல்ல" என்று அனுப்பி வைக்கப்படும் 100 பேரில் 10 பேருக்கு உள்ளே கிருமி இருக்கலாம். முதல் கணிப்பு மாறினால் இந்தக் கணக்கும் மாறும். சுகர் உள்ள 70 வயதுக்காரருக்கும் நேற்று கால்பந்து ஆடி விழுந்த 20 வயது இளைஞருக்கும் ஒரே 20,000 வந்தாலும் இரண்டும் ஒன்றல்ல.

மொத்த எண்ணிக்கைக்கு அடுத்த வரியில் ஒரு சதவீதம் இருக்கும். வெள்ளையணுக்களில் நியூட்ரோஃபில் வகை எத்தனை சதவீதம் என்பது அது. 90-ஐத் தொட்டால் சந்தேகம் 3.4 மடங்கு கூடும், அதற்குக் கீழே என்றால் மூன்றில் ஒரு பங்காகக் குறையும். ரிப்போர்ட்டை வாங்கியதும் பலர் முதல் எண்ணோடு நின்றுவிடுகிறார்கள். இரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான் கதை புரியும்.

கவுட் இருந்தால் கிருமி இருக்காதா?

கவுட் தாக்கும்போது செல் எண்ணிக்கை 50,000-ஐத் தாண்டுவது உண்டு. நீர் பார்க்கச் சீழ் மாதிரியே இருக்கும். அதனால்தான் அந்த நீரிலேயே ஊசி வடிவ யூரேட் படிகங்கள் இருக்கிறதா என்று மைக்ரோஸ்கோப்பில் பார்க்கிறார்கள். இந்தப் பரிசோதனையை மெக்கார்ட்டி, ஹாலண்டர் என்ற இரு அமெரிக்க மருத்துவர்கள் 1961-இல் விவரித்தார்கள்.

படிகம் கிடைத்துவிட்டால் நிம்மதி என்று நினைத்தால் அங்கேயும் ஒரு பள்ளம் இருக்கிறது. கவுட்டும் கிருமியும் ஒரே மூட்டில் ஒரே நேரத்தில் இருக்கலாம். படிகம் தெரிந்தாலும் நீரைக் கல்ச்சருக்கு அனுப்பச் சொல்வது அதனால்தான். கிராம் ஸ்டெய்ன் என்ற உடனடிச் சாயப் பரிசோதனையும் பாதிக்குப் பாதி தொற்றுகளைத் தவறவிடும். "கிராம் ஸ்டெய்ன் நெகட்டிவ்" என்று வந்தால் தப்பித்தோம் என்று அர்த்தமில்லை.

எண்ணிக்கை குறைவாகவே வரும் தொற்றுகளும் உண்டு. தொற்று ஆரம்பித்த முதல் நாள், புற்றுநோய் சிகிச்சையில் இருப்பவர்கள், ஸ்டீராய்டு எடுப்பவர்கள், கொனோரியா கிருமியால் வரும் மூட்டுத் தொற்று ஆகியவை அந்தப் பட்டியலில் வரும். இந்தியாவில் மறக்கக் கூடாதது மூட்டு டிபி. வாரக்கணக்கில், மாதக்கணக்கில் மெதுவாக ஒரு மூட்டு வீங்கும். செல் எண்ணிக்கை பெரும்பாலும் 50,000-க்குக் கீழேதான் நிற்கும். சாதாரணக் கல்ச்சரில் டிபி கிருமி வளராது. மூட்டின் உள்சவ்வில் சிறு துண்டு எடுத்து பயாப்ஸி பார்த்துத்தான் பல நேரம் கண்டுபிடிக்கிறார்கள்.

மூட்டு மாற்று ஆபரேஷன் செய்தவர்களுக்கு வேறு கணக்கு

குடும்பங்கள் அதிகம் குழம்புவது இங்கேதான். செயற்கை மூட்டு வைத்தவருக்கு 4,000 செல்கள் என்று ரிப்போர்ட் வருகிறது. இணையத்தில் தேடிப் பார்த்தால் 50,000 என்று போட்டிருக்கிறது. "ரொம்பக் கம்மியாத்தானே இருக்கு" என்று விட்டுவிடுகிறார்கள். ஆனால் செயற்கை மூட்டில் 4,000 என்பது அபாய மணி.

உலோகத்தின் மேலும் பிளாஸ்டிக்கின் மேலும் கிருமிகள் ஒரு மெல்லிய படலம் கட்டி அதற்குள் ஒளிந்து வாழும். தோலில் சாதாரணமாக இருக்கும், அவ்வளவாக முரட்டுத்தனம் இல்லாத கிருமிகள்கூட இப்படிக் குடியேறிவிடும். சத்தமில்லாமல் இருப்பதால் உடலின் எதிர்ப்பும் சத்தமில்லாமல் இருக்கும், வெள்ளையணுக்கள் குவியாது. 2004-இல் வந்த ஓர் ஆய்வு, செயற்கை முழங்காலில் 1,700 செல்களும் 65 சதவீத நியூட்ரோஃபிலும் தாண்டினாலே தொற்றைச் சந்தேகிக்கலாம் என்று காட்டியது. 2013-இல் சர்வதேச மூட்டு நிபுணர்கள் கூடி எடுத்த முடிவுப்படி, ஆபரேஷன் முடிந்து 90 நாட்களுக்கு மேல் ஆனவர்களுக்கு எல்லைக்கோடு 3,000 செல்கள், 80 சதவீத நியூட்ரோஃபில். ஐரோப்பிய எலும்பு மூட்டுத் தொற்றுச் சங்கத்தின் 2021 வரையறையில், 1,500-ஐத் தாண்டினாலே 'இருக்கலாம்' பட்டியலில் வந்துவிடும்.

ஆபரேஷன் முடிந்த புதிதில் ரத்தக் கசிவும் அழற்சியும் இயல்பாகவே இருக்கும். அதனால் முதல் 90 நாட்களுக்கு அதே 2013 முடிவில் 10,000 செல்கள், 90 சதவீதம் என்று கோட்டை உயர்த்தி வைத்திருக்கிறார்கள்.

இதில் ஒரு விசித்திரமும் உண்டு. உலோகத்தோடு உலோகம் உரசும் வகை இடுப்பு மூட்டு வைத்தவர்களுக்கு, உதிரும் துகள்களையும் சிதைந்த செல்களையும் மெஷின் வெள்ளையணு என்று எண்ணிவிடும். கிருமியே இல்லாமல் எண் எகிறும். அங்கே மெஷினை ஓரம் வைத்துவிட்டு மைக்ரோஸ்கோப்பில் கையால் எண்ணச் சொல்ல வேண்டும்.

லேபில் எங்கே தப்பு நடக்கும்?

நீர் எந்த ட்யூபில் போகிறது என்பது முக்கியம். செல் எண்ணுவதற்கு, ரத்தம் உறையாமல் வைக்கும் மருந்துள்ள ஊதா மூடி ட்யூப் வேண்டும். சாதாரண ட்யூபில் போட்டால் நீர் உறைந்து, செல்கள் கட்டிக்குள் மாட்டிக்கொண்டு எண் குறைவாக வரும். நேரமும் முக்கியம். சில மணி நேரத்திலேயே செல்கள் சிதையத் தொடங்கும். ராத்திரி எடுத்த நீரைக் காலையில் எண்ணினால் குறைந்துதான் தெரியும்.

ரத்தத்தில் வெள்ளையணுவை எண்ணும்போது அசிட்டிக் ஆசிட் கலந்த திரவத்தில் நீர்க்கச் செய்வார்கள். மூட்டு நீரில் அதைக் கலந்தால் நீரே திரைந்துபோகும். உப்புக் கரைசல்தான் பயன்படுத்த வேண்டும். சின்ன லேபில் பழக்க தோஷத்தில் இந்தத் தவறு நடந்துவிட வாய்ப்பு உண்டு.

ஊசி குத்தும்போது ரத்தம் கலந்துவிட்டால் கழித்துப் பார்க்க வேண்டும். ஒருவரின் ரத்தத்தில் 45 லட்சம் சிவப்பணுவும் 9,000 வெள்ளையணுவும் இருக்கிறது என்றால், 500 சிவப்பணுவுக்கு ஒரு வெள்ளையணு. மூட்டு நீரில் 5 லட்சம் சிவப்பணு வந்திருந்தால் அதோடு 1,000 வெள்ளையணுவும் ரத்தத்திலிருந்து வந்தது. ரிப்போர்ட்டில் 3,400 என்று இருந்தாலும் மூட்டுக்குச் சொந்தமானது 2,400 மட்டும். செயற்கை மூட்டுக்காரருக்கு இந்தக் கழித்தல் 3,000 என்ற கோட்டின் மேலேயா கீழேயா என்பதையே மாற்றிவிடுகிறது.

அலகையும் பார்க்கணும். சில லேப்கள் லிட்டர் கணக்கில் வெறும் 50 என்று அச்சடிப்பார்கள், பக்கத்தில் பத்தின் ஒன்பதாம் அடுக்கு என்று சிறிய எழுத்தில் இருக்கும். அது 50 செல் அல்ல, கன மில்லிமீட்டருக்கு 50,000!

முதலில் ஊசி, பிறகு ஆன்டிபயாடிக்

மெடிக்கல் ஷாப்பில் வாங்கிய ஆன்டிபயாடிக்கை இரண்டு நாள் போட்டுவிட்டு வந்தால் செல் எண்ணிக்கையும் இறங்கியிருக்கும், கல்ச்சரில் கிருமியும் வளராது. தொற்று மட்டும் உள்ளே இருக்கும். எந்தக் கிருமி என்று தெரியாமல் குருட்டாம்போக்கில் வாரக்கணக்கில் மருந்து கொடுக்க வேண்டி வரும். ஏற்கெனவே மாத்திரை போட்டிருந்தால் அதை டாக்டரிடம் மறைக்காமல் சொல்லிவிடுவது நல்லது. ஸ்டீராய்டு ஊசியும் அப்படித்தான், தொற்று இல்லை என்று தெரியும் முன் மூட்டுக்குள் போடக் கூடாது. ரத்த அழுத்தம் சரிந்து உயிருக்கே ஆபத்தான நிலையில் வருபவர்களுக்கு மட்டும் டாக்டர்கள் மருந்தைத் தாமதிக்க மாட்டார்கள்.

ஊசியால் புதிதாகத் தொற்று வருமா என்ற பயம் நியாயமானதுதான், ஆனால் அது மிக மிக அரிது. வீங்கிய மூட்டின் மேல் தோலிலேயே புண்ணோ சீழோ இருந்தால் அந்த வழியாகக் குத்த மாட்டார்கள். வார்ஃபரின் எடுப்பவர்கள் முன்கூட்டியே சொல்ல வேண்டும், பொதுவாக அதற்காக இந்தப் பரிசோதனையைத் தள்ளிப்போடுவதில்லை. முழங்காலில் நீர் எடுப்பது சில நிமிட வேலை. இடுப்பு மூட்டு ஆழத்தில் இருப்பதால் அல்ட்ராசவுண்ட் துணையோடு எடுப்பார்கள். செயற்கை மூட்டு என்றால் கிளினிக்கில் வைத்துக் குத்தாமல், ஆபரேஷன் செய்த எலும்பு மூட்டு நிபுணரிடம் போக வேண்டும்.

தொற்று உறுதியானால் ஊசி ஒருமுறையோடு முடியாது. மூட்டில் திரும்பத் திரும்ப நீர் சேரும்போதெல்லாம் எடுத்து எண்ணுவார்கள். எண் இறங்கிக்கொண்டே வந்தால் மருந்து வேலை செய்கிறது. அப்படியே நின்றாலோ ஏறினாலோ மூட்டைத் திறந்து கழுவும் பேச்சு தொடங்கும்.