திரையை இழுத்துப்போட்ட பட்டிக்காட்டான்

பட்டிக்காட்டான் முட்டாய்க்கடையைப் பார்த்த கதையை நாம பழமொழியாகச் சொல்கிறோம். அமெரிக்கக்காரன் அதைப் படமாகவே எடுத்து வித்தான். அங்கே அந்தப் பட்டிக்காட்டானுக்கு 'ரூப்' என்று பேர். மேடை நாடகங்களில் ஏற்கெனவே அடிபட்டு மிதிபட்டுக் கிடந்தவனை ஊமைப்படம் அப்படியே வாரிக்கொண்டது.

1902இல் எடிசன் கம்பெனிக்காக எட்வின் எஸ். போர்ட்டர் எடுத்தது 'சலனப்படக் கொட்டகையில் ஜோஷ் மாமா'. ஓடுவது இரண்டே நிமிஷம். பட்டணத்துக் கொட்டகையில் ஜோஷ் உட்கார்ந்திருக்கிறான். திரையில் பாரிஸ்காரி ஆடினால் மேடைக்குக் குதித்துக் கூடவே ஆடுகிறான். ரயில் வந்தால் விழுந்தடித்து ஓடுகிறான். மூன்றாவதாக ஒரு நாட்டுப்புறத்து ஜோடியின் காதல் சேட்டை. அப்போதுதான் கோட்டைக் கழற்றிக்கொண்டு சண்டைக்குப் பாய்கிறான். திரையே கீழே விழுகிறது. பின்னால் படம் ஓட்டிக்கொண்டிருந்தவனோடு கட்டிப் புரள்கிறான்.

கவனிங்க, பாரிஸ்காரிக்கும் ரயிலுக்கும் அவனுக்குக் கோபம் வரவில்லை. தன்னைப்போல ஒருத்தன் வேடிக்கைப் பொருளாகத் திரையில் வந்த பிறகுதான் கை ஓங்குகிறது. இதற்கு மூலமான ராபர்ட் பாலின் 1901ஆம் வருஷத்து இங்கிலாந்துப் படத்தில் பட்டிக்காட்டான் பார்ப்பது தன்னையேதான். படம் எடுத்தவர்களுக்கு இது அசட்டுத்தனம். எனக்கு அப்படித் தோன்றவில்லை.

ரயிலைப் பார்த்து ஓடிய கதைக்கும் ஒரு வால் உண்டு. லூமியே சகோதரர்களின் ரயிலைக் கண்டு பாரிஸ் ஜனமே அலறி ஓடியதாக இன்றைக்கும் எழுதுகிறார்கள். 1895 டிசம்பர் 28 முதல் கட்டணக் காட்சியில் அந்தப் படமே கிடையாது. ஜனம் ஓடியதற்கும் உருப்படியான சாட்சியம் இல்லை.

ஆனால் ரூப் வெள்ளைக்காரன். அடி வாங்கினாலும் அடுத்த படத்துக்கு முழுசாக வந்துவிடுவான். அதே கம்பெனியின் 1905ஆம் வருஷத்து 'தர்ப்பூசணித் தோட்டம்' படத்தில் பழம் திருடியதாகக் கறுப்பர்களைத் துரத்திப்போய், குடிசையை அடைத்து, புகைபோக்கியையும் மூடி, உள்ளே மூச்சுத்திணற விடுகிறார்கள். அதையும் நகைச்சுவை என்றே வித்தார்கள்.

1907இல் போர்ட்டரே எடுத்த 'சிரிப்பு வாயு' கொஞ்சம் வேறே. வேலைக்காரியான கறுப்புப் பெண் மாண்டியாக பெர்தா ரெகஸ்டஸ் நடித்தார். பல் பிடுங்கப் போன இடத்தில் வாயுவைச் சுவாசித்துவிட்டுச் சிரிக்கிறாள். டிராம் வண்டியில், தெருவில், போலீஸ் பிடித்துக்கொண்டுபோன கோர்ட்டில். ஆணவமும் ஏளனமும் அதிலும் உண்டுதான். ஆனால் நீதிபதி முகத்தை இறுக்கிவைத்துப் பார்க்கிறான், முடியவில்லை. அவள் சிரிக்கச் சிரிக்க அவனும் சிரித்துவிடுகிறான்.