வண்டி எண்ணைக் குறித்துக்கொள்பவர்

பதினெட்டாம் நூற்றாண்டின் இலண்டன் விலங்குகளின் உழைப்பால் இயங்கிய நகரம். வண்டிகளைக் குதிரைகள் இழுத்தன; கழுதைகள் பொதி சுமந்தன; இறைச்சிக்கான ஆடுமாடுகள் மக்கள் நெரிசலின் ஊடே ஸ்மித்ஃபீல்டு சந்தைக்கு ஓட்டிவரப்பட்டன. அச்சந்தைக்கு அருகே 1697ஆம் ஆண்டு பிறந்தவர் ஓவியர் வில்லியம் ஹோகார்த். அவர் 1751 பிப்ரவரியில் வெளியிட்ட 'கொடுமையின் நான்கு படிநிலைகள்' என்னும் அச்சோவியத் தொடர், அந்நகர மனிதன் விலங்கை நடத்திய விதத்திற்குச் சான்றாக நிற்கிறது.

இத்தொடர் செல்வர்களின் வரவேற்பறைகளுக்காகச் செய்யப்பட்டதன்று. எளிய மக்களைச் சென்றடைய வேண்டும் என்பதற்காக முதலில் மலிவான மரச்செதுக்கு அச்சு முயலப்பட்டது. அதற்கான செலவு மிகுந்துவிடவே ஹோகார்த் செப்புத்தகட்டுக்குத் திரும்பினார். ஆனால் நுண்ணிய கோடுகளைத் தவிர்த்து, அழுத்தமாகவே செதுக்கினார். ஒரு படத்தின் விலை ஒரு ஷில்லிங்.

கதை நாம் எளிதில் ஊகிக்கக்கூடியதுதான். டாம் நீரோ என்னும் ஆதரவற்ற சிறுவன் தெருவில் ஒரு நாயை வதைக்கிறான். வளர்ந்து வாடகை வண்டியோட்டியானதும் குதிரையை அடிக்கிறான். மூன்றாம் படத்தில், தன்னை நம்பிய கருவுற்ற பெண்ணைக் கொல்கிறான். இறுதிப் படத்தில் தூக்கிலிடப்பட்ட அவன் உடலை மருத்துவர்கள் அறுக்கின்றனர். கீழே விழுந்த இதயத்தை ஒரு நாய் கவ்வுகிறது.

விலங்கை வதைப்பவன் நாளை மனிதனையும் கொல்வான் என்பதே இதன் வெளிப்படையான நீதி. இந்த நீதியில் நமக்கு ஒரு நெருடல் உண்டு. நாயும் குதிரையும் மனிதக் கொலைக்கு ஏறிச்செல்லும் படிகளாக மட்டுமே எஞ்சிவிடுகின்றன. அவற்றின் வலிக்குத் தனி மதிப்பு இல்லையா?

அதற்கான விடை இரண்டாம் படத்தில் உள்ளது என்று கருதுகிறோம். குதிரை விழுந்து கிடக்கிறது, வண்டி கவிழ்ந்துவிட்டது. வண்டிக்குள் இருந்து நான்கு பருத்த வழக்கறிஞர்கள் வெளியேற முண்டுகிறார்கள். கட்டணத்தைப் பங்கிட்டுக்கொள்ள ஒரே வண்டியில் நெருக்கியடித்து ஏறியவர்கள் அவர்கள். சவுக்கு டாமின் கையில், பாரமோ கற்றறிந்தோருடையது. கொடுமை ஏழையின் குணக்கேடு மட்டுமன்று என்பதை ஹோகார்த் இங்கே சொல்லிவிடுகிறார்.

அதே படத்தில், ஒருவர் டாமின் வண்டி எண்ணைக் குறித்துக்கொண்டிருக்கிறார். இன்னும் எந்தக் கொலையும் நடக்கவில்லை. அவர் எழுதுவது அடிபட்ட குதிரைக்காக மட்டுமே.

குதிரையைக் கொடுமைப்படுத்துவதைக் குற்றமாக்கும் நாடாளுமன்றச் சட்டம் அன்று இங்கிலாந்தில் இல்லை. ரிச்சர்ட் மார்ட்டின் முயற்சியால் 1822இல் வந்த சட்டமே குதிரைக்கும் ஆடுமாடுகளுக்கும் முதல் பாதுகாப்பை அளித்தது. முதல் படத்து நாய் 1835 வரை காத்திருக்க நேர்ந்தது. 1764இல் மறைந்த ஹோகார்த் இவற்றுள் எதையும் காணவில்லை.

சட்டம் வருவதற்கு 71 ஆண்டுகளுக்கு முன்பே, தெருவில் நின்று ஒரு குதிரைக்காகச் சாட்சி சொல்ல ஒருவர் இருக்கக்கூடும் என்று அந்த ஓவியர் நம்பினார். டாமின் முடிவு நம்மை அச்சுறுத்துகிறது. பெயரில்லாத அந்த மனிதரோ, அவ்விடத்தில் நாம் என்ன செய்திருப்போம் என்று கேட்கிறார்.