சத்தியக் கடதாசி

சென்னையிலிருந்து கும்மிடிப்பூண்டிக்குச் செல்லும் இருப்புப்பாதையில் எண்ணூரைக் கடந்ததும் அத்திப்பட்டு வருகிறது. இன்று அவ்வூரின் பெயரைச் சொன்னவுடன் வடசென்னை அனல்மின் நிலையமும், நிலக்கரி இறங்கும் துறைமுகமும் நம் நினைவுக்கு வருகின்றன. அங்கிருந்து வடக்கே சில நிலையங்கள் தாண்டிப் பொன்னேரியில் இறங்கிக் கிழக்கே திரும்பினால் பழவேற்காட்டை அடையலாம். அனல்மின் நிலையம் எழுவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே இவ்வட்டாரம் கடல் வாணிபத்தால் பெயர்பெற்றிருந்தது. பதினாறாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுதிய போர்த்துக்கீசியரான துவார்த்தே பார்போசா, பழவேற்காட்டில் முஸ்லிம் வணிகர்களும் இந்து வணிகர்களும் செல்வத்தோடு வாழ்ந்ததைக் குறிப்பிட்டிருக்கிறார்.

இவ்வட்டாரத்திலிருந்து துபாய்க்கோ கோலாலம்பூருக்கோ பிழைக்கப் போன ஒருவரின் கடவுச்சீட்டு அங்கே தொலைந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். அவர் அந்நாட்டுக் காவல்நிலையத்தில் எழுதிக் கொடுத்து அறிக்கை பெறவேண்டும். பின்னர் இந்தியத் தூதரக அலுவலகத்தை நாடவேண்டும். அங்கே கேட்கப்படும் தாள்களுள் ஒன்று, சீட்டு எங்கே, எவ்வாறு தொலைந்தது என்று சத்தியம் செய்து தரும் பத்திரமாகும். நீதிமன்ற மொழியில் அது பிரமாணப் பத்திரம். பேச்சு வழக்கில் அபிடவிட். குழந்தைக்குச் சீட்டு எடுக்கையில் பெற்றோரில் ஒருவர் உடனில்லை என்றாலும், பெயரில் எழுத்து மாறியிருந்தாலும் இத்தகைய பத்திரமே துணைக்கு வருகிறது. தட்டச்சுக்காரர் காட்டும் இடத்தில் ஒப்பமிட்டு மறந்துவிடும் சடங்காகவே நம்மில் பலர் இதைக் கருதுகிறோம். ஆனால் இதற்குப் பின்னே நெடிய வரலாறு ஒன்றுண்டு. அதில் நம் சமுதாயத்துக்கும் பங்குண்டு.

ஒரு சொல்லின் பயணம்

இலங்கைத் தமிழில் இப்பத்திரத்துக்குச் 'சத்தியக் கடதாசி' என்று பெயர். கடதாசியும் நம்மூர்க் கடுதாசியும் ஒரே சொல்லே. போர்த்துக்கீசியரின் 'கர்த்தாஸ்' என்னும் சொல்லே தமிழில் இவ்வாறு ஆயிற்று என்பர் சொல்லாராய்ச்சியாளர். அந்தக் கர்த்தாஸோ அரபு மொழியின் 'கிர்தாஸ்'. தாள், ஏடு என்பது அதன் பொருள். திருக்குர்ஆனின் அல்அன்ஆம் அத்தியாயத்திலேயே இச்சொல்லைக் காண்கிறோம். அரபு வழங்கிய ஒரு சொல் பறங்கியர் கப்பலேறித் தமிழகக் கரையில் இறங்கி, இன்று சத்தியத்தோடு சேர்ந்து நிற்கிறது.

பறங்கியர் வழக்கில் கர்த்தாஸ் என்றால், கடலில் செல்ல அவர்கள் கொடுத்த அனுமதிச் சீட்டு என்று பொருள். பதினாறாம் நூற்றாண்டில் இந்தியப் பெருங்கடலைத் தம் உடைமையென்று உரிமை கொண்டாடிய அவர்கள், ஆசியக் கப்பல்கள் யாவும் இச்சீட்டைப் பெறவேண்டும் என்று விதித்தனர். கப்பலின் அளவு, நகுதாவின் பெயர், ஏற்றிய சரக்கு, வைத்திருக்கும் ஆயுதம், புறப்படும் துறை, சேரும் துறை ஆகியவை அதில் எழுதப்பட்டன. சீட்டில்லாத கப்பலையும், சீட்டில் கண்டதற்கு மாறாகச் சென்ற கப்பலையும் அவர்கள் பறிமுதல் செய்தனர். தலைமுறை தலைமுறையாக எவரிடமும் கேளாமல் கடலோடிய மக்கள், தாங்கள் யார், எங்கே போகிறோம் என்பதை அந்நியன் தாளில் எழுதி வாங்க வேண்டிய நிலை வந்தது.

ஹஜ்ஜுக் கப்பல்களும் இதற்கு விலக்காகவில்லை. அக்பரின் அத்தை குல்பதன் பேகம் 1576இல் சூரத்திலிருந்து கப்பலேறியபோதும் இச்சீட்டு வேண்டியிருந்தது. சீட்டில் மர்யம் (அலை), ஈஸா (அலை) ஆகியோரின் உருவங்கள் பொறிக்கப்பட்டிருந்தமையால், அதைச் சுமந்து செல்லும் நிலையில் ஹஜ் கடமையாகாது என்று மக்தூமுல் முல்க் தீர்ப்புரைத்ததாக முல்லா அப்துல் காதிர் பதாயூனி எழுதுகிறார். ஆனாலும் மக்கள் ஹஜ்ஜை விட்டுவிடவில்லை. சீட்டை வாங்கிக்கொண்டு போய்வந்தனர்.

பறங்கியருக்குப் பின் ஒல்லாந்தர் வந்தனர். 1613இல் பழவேற்காட்டில் கெல்திரியாக் கோட்டையைக் கட்டி, 1690இல் நாகப்பட்டினத்துக்கு மாறும்வரை, சோழமண்டலக் கரையில் தங்கள் தலைமையிடமாக அதை வைத்திருந்தனர். அவர்களும் உள்நாட்டுக் கப்பல்கள்மீது சீட்டு முறையை ஏவினர். பஞ்சத்திலும் போரிலும் நொந்த மக்களை அதே துறையிலிருந்து அடிமைகளாகப் பத்தாவியாவுக்கு ஏற்றிச் சென்றவர்களும் அவர்களே. நகுதாவுக்குப் பெயரெழுதிய சீட்டு இருந்தது. அடிமையாக ஏற்றப்பட்டவர் கணக்கேட்டில் ஓர் எண்ணிக்கையாக நின்றார். தாளில் பெயர் பெறுவதும் பெறாமற்போவதும் மனிதனின் கதியை எவ்வாறு மாற்றும் என்பதற்கு இதனினும் கொடிய சான்று வேண்டியதில்லை. பத்திரங்களுக்குச் சான்றளிக்கும் அலுவலரை இலங்கைத் தமிழர் இன்றும் 'நொத்தாரிசு' என்பது ஒல்லாந்தர் விட்டுச் சென்ற சொல்லாகும்.

சத்தியம் தாளுக்கு வந்தது

கடற்சீட்டு ஒருபுறம் இருக்க, சத்தியம் தாளில் ஏறிய கதை வேறு. கும்பினியாரின் நீதிமன்றங்களில் முஸ்லிம்கள் திருக்குர்ஆனின் மீதும், இந்துக்கள் கங்கை நீரின் மீதும் ஆணையிட்டுச் சாட்சி சொல்லும் வழக்கம் இருந்தது. 1840ஆம் ஆண்டின் ஐந்தாம் சட்டம் அதை மாற்றியது. எல்லாம் வல்ல இறைவனின் முன்னிலையில் உண்மையே உரைப்பதாக இருசாராரும் உறுதிமொழி கூறினால் போதும் என்றாயிற்று. 1873இலும் பின்னர் 1969இலும் ஆணைச் சட்டங்கள் புதுப்பிக்கப்பட்டன. இன்று விரும்புவோர் இறைவன் பெயரால் ஆணையிடலாம். அல்லது மனசாட்சிப்படி உறுதி கூறலாம்.

நாடு விடுதலை பெற்றபின் 1948இல் தூதரக அலுவலர்களின் ஆணைகள், கட்டணங்கள் பற்றிய சட்டம் இயற்றப்பட்டது. வெளிநாட்டில் உள்ள இந்தியத் தூதரக அலுவலர், ஆணையிடச் செய்யவும், சத்தியப் பத்திரம் பெறவும், உள்நாட்டு நோட்டரி செய்யும் பணிகளைச் செய்யவும் இதனால் அதிகாரம் பெற்றார். உள்நாட்டு நோட்டரிகளுக்கென 1952இல் தனிச் சட்டம் வந்தது.

சத்தியப் பத்திரத்தின் அமைப்பு எளிது. இன்னாரின் மகன் அல்லது மகள், இன்ன வயது, இன்ன இடத்தில் வசிப்பவர் என்று தொடங்கும். பிறகு செய்திகள் எண்ணிட்டு வரிசையாக வரும். இவை நான் அறிந்தவரை உண்மை என்னும் உறுதி இறுதியில் நிற்கும். ஒப்பத்தை வீட்டிலேயே இட்டுக்கொண்டு போகலாகாது. அலுவலரின் கண்முன் இடவேண்டும். அவர் ஆளை அடையாளங்கண்டு, தம் ஒப்பமும் முத்திரையும் நாளும் இடவேண்டும். பத்திரத்துக்கு உயிர் தருவது இந்த நேர்முகச் செயலே. கடனை எழுத்தில் பதியவும், நீதியோடு எழுதவும், சாட்சிகளை வைக்கவும் பணிக்கும் வசனமே திருக்குர்ஆனில் மிக நீண்டது என்பதை நாம் அறிவோம். அல்பகரா அத்தியாயத்தின் 282ஆம் வசனத்தை ஓதி வளர்ந்த சமுதாயத்துக்கு எழுத்தும் சாட்சியும் அந்நியமானவை அல்ல.

எல்லைகள் எழுந்தபோது

சென்ற நூற்றாண்டின் தொடக்கம் வரை நம் முன்னோர் பினாங்குக்கும் சிங்கப்பூருக்கும் கொழும்புக்கும் ரங்கூனுக்கும் பெரிய தடையின்றிப் போய்வந்தனர். முதல் உலகப் போரின் நெருக்கடியில் கடவுச்சீட்டு கட்டாயமாயிற்று. 1920இல் இந்தியாவுக்குள் நுழைவோருக்கான சீட்டுச் சட்டம் வந்தது. 1926 முதல் சென்னையையும் நாகப்பட்டினத்தையும் மலேயாவோடு இணைத்த 'ரஜுலா' கப்பலில் நம்மவர்கள் எத்தனையோ தலைமுறைக் கதைகளைச் சுமந்து சென்றனர்.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் நாடுகள் தனித்தனியே விடுதலை பெற்றன. அப்போது, 'நீ எந்நாட்டுக் குடிமகன்?' என்னும் கேள்வி கடைத்தெருவரை வந்தது. இந்திய அரசியலமைப்பின் எட்டாம் பிரிவு, பிரிவினைக்கு முந்திய இந்தியாவில் தாமோ பெற்றோரோ பாட்டன் பாட்டியரோ பிறந்திருக்க, வெளிநாட்டில் வாழ்வோர், இந்தியத் தூதரகத்தில் பதிந்து குடியுரிமை பெற வழிவகுத்தது. இலங்கையிலோ 1949இல் இந்திய, பாகிஸ்தானிய வதிவாளர் குடியுரிமைச் சட்டம் வந்தது. மணமானவர் ஏழாண்டும், மணமாகாதவர் பத்தாண்டும் 1946க்கு முன் இடைவிடாது வாழ்ந்ததை மெய்ப்பிக்க வேண்டும். விண்ணப்பத்தில் கண்ட செய்திகளுக்குச் சத்தியக் கடதாசியும் இணைக்க வேண்டும். பெரும்பாலான விண்ணப்பங்கள் தள்ளப்பட்டன. தேயிலைத் தோட்டத் தொழிலாளரே இதில் மிகுதியும் துன்புற்றனர். பர்மாவில் 1964இல் கடைகள் நாட்டுடைமையாக்கப்பட்டபோது, ஆயிரக்கணக்கான தமிழ்க் குடும்பங்கள் தேடிய பொருளை விட்டுவிட்டுச் சென்னைத் துறைமுகத்தில் வந்திறங்கின. வடசென்னையின் வியாசர்பாடியில் அவர்களுள் பலர் குடியேறினர்.

அத்திப்பட்டைக் கடந்து செல்லும் இருப்புப்பாதையிலுள்ள கும்மிடிப்பூண்டியிலும் இலங்கையிலிருந்து போருக்குத் தப்பி வந்த தமிழர்களின் முகாம் ஒன்றுண்டு. இத்தகைய முகாம்களில் பிறந்தோரின் நிலையை ஒரு வழக்கு விளக்குகிறது. 1986இல் மண்டபம் முகாமில் பிறந்த பெண்மணி ஒருவருக்கு இந்தியக் கடவுச்சீட்டு வழங்குமாறு 2022இல் சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உத்தரவிட்டது. 1-7-1987க்கு முன் இம்மண்ணில் பிறந்தோர் பிறப்பாலேயே குடிமக்கள் என்பது சட்டம். அவர் இங்கே பிறந்தார் என்பதைக் காட்டப் பிறப்புச் சான்றிதழ் இருந்தது. ஒரு பிறப்புப் பதிவு முப்பத்தாறு ஆண்டுகளுக்குப் பின் ஒருவருக்கு நாட்டைத் தந்தது.

பெயர் படும் பாடு

சத்தியப் பத்திரங்களுக்கு நம் குடும்பங்களில் மிகுதியும் காரணமாவது பெயரே. நமக்குக் குடும்பப் பெயர் என்னும் வழக்கம் பெரும்பாலும் இல்லை. தந்தையின் பெயரின் முதலெழுத்தே தலைப்பெழுத்து. கடவுச்சீட்டோ இயற்பெயர், குடும்பப் பெயர் என்று இரு கட்டங்களைக் காட்டுகிறது. முஹம்மது என்னும் திருப்பெயரை ஆங்கிலத்தில் நான்கைந்து விதமாக எழுதுகிறோம். காதர், காதிர் என்பதும் அப்படியே. பள்ளிச் சான்றிதழில் ஒன்று, நிக்காஹ் தஃப்தரில் ஒன்று, சீட்டில் ஒன்று என்றாகிவிட்டால், மூவரும் ஒருவரே என்று சத்தியம் செய்ய வேண்டியதாகிறது. 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், ஒற்றைப் பெயர் மட்டுமுள்ள சீட்டுக்குச் சுற்றுலா விசா இல்லை என்று அறிவித்தபோது நம்மவர் பலர் திகைத்தனர். தந்தையின் பெயர் சீட்டின் பின்பக்கத்தில் இருந்தால் போதும் என்று விளக்கம் வந்த பின்னரே ஆறுதல் பிறந்தது.

ஹிஜ்ரி ஆறாம் ஆண்டில் ஹுதைபிய்யா உடன்படிக்கை எழுதப்பட்டபோது நடந்ததை இங்கே நினைவுகூர்கிறோம். அல்லாஹ்வின் தூதர் என்று எழுதியதை எதிர்த்தரப்பின் ஸுஹைல் மறுத்தார். அண்ணல் நபி (ஸல்) அவர்கள் அதை நீக்கச் செய்து, அப்துல்லாஹ்வின் மகன் முஹம்மது என்று எழுதச் செய்தார்கள். இருதரப்பும் ஐயமின்றி ஏற்கும் அடையாளமே உடன்படிக்கைக்குப் போதுமானதாயிற்று. தம் பெயரும் தந்தை பெயருமாகிய அந்த முறையே நம் வழக்கத்தின் வேர்.

நாம் செய்ய வேண்டியது

1967 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம், வெளிநாடு செல்லும் உரிமை தனிமனித உரிமையில் அடங்கும் என்று தீர்ப்பளித்தது. அவ்வாண்டு ஜூனிலேயே கடவுச்சீட்டுச் சட்டம் இயற்றப்பட்டது. அதன் 12ஆம் பிரிவின்படி, அறிந்தே பொய்யுரைத்தோ உண்மையை மறைத்தோ சீட்டுப் பெற்றால் ஈராண்டு வரை சிறையோ அபராதமோ இரண்டுமோ உண்டு, சீட்டும் பறிபோகலாம். உள்நாட்டில் 2016 டிசம்பர் முதல் இவ்விணைப்புகளுக்கு நோட்டரி வேண்டாம், வெறுந்தாளில் தாமே உறுதிமொழி தந்தால் போதும் என்று அரசு தளர்த்தியது. வெளிநாட்டில் சத்தியப் பத்திரம் கேட்கும் இடங்கள் இன்னும் உண்டு. முத்திரை விலகினாலும் பொறுப்பு விலகவில்லை. முன்பு அலுவலர் கண்முன் சொன்னதை இப்போது இறைவன் ஒருவனே காணச் சொல்கிறோம்.

பெரும்பாவங்களை எண்ணிச் சொல்லிவந்த நபி (ஸல்) அவர்கள், பொய்ச்சாட்சியைச் சொல்லும்போது சாய்ந்திருந்தவர்கள் நிமிர்ந்தமர்ந்து அதைப் பலமுறை கூறினார்கள் என்று புகாரியில் பதிவாகியுள்ளது. வயதைக் கூட்டிக் குறைத்தும், இல்லாத முகவரியைக் காட்டியும் சத்தியம் செய்வோர் இதை எண்ணிப் பார்க்க வேண்டும். வேலை கிடைக்கும் என்பதற்காக ஒரு தந்தை மாற்றிய பிறந்தநாள், பிற்காலத்தில் மகன் ஆதாரம் தேடும்போது எதிரே வந்து நிற்கும்.

அடுத்தது, நம் மஹல்லா ஜமாஅத்துகளின் கடமை. நிக்காஹ் தஃப்தரில் மணமக்களின் பெயரையும் தந்தையரின் பெயரையும், மற்ற ஆவணங்களில் உள்ள எழுத்துப்படி, ஆங்கிலத்திலும் எழுதி வைக்க வேண்டும். பழைய தஃப்தர்களைக் கறையானுக்கு விடாமல் படியெடுத்துக் காக்க வேண்டும். குழந்தை பிறந்ததும் பிறப்புப் பதிவில் பெயரையும் சேர்த்துவிட வேண்டும். பெயரில்லாப் பதிவில் பதினைந்து ஆண்டு வரையே பெயர் சேர்க்கலாம். 1-10-2023 முதல் பிறந்த குழந்தைகளுக்குக் கடவுச்சீட்டில் பிறந்தநாளுக்குரிய ஆதாரம் பிறப்புச் சான்றிதழ் ஒன்றே என்று 2025இல் விதி வந்துவிட்டது. வெளிநாட்டில் பிறந்த குழந்தையை ஓராண்டுக்குள் தூதரகத்தில் பதிந்துவிட வேண்டும். அக்குழந்தையிடம் வேறு நாட்டுச் சீட்டு இல்லை என்று பெற்றோர் உறுதி கூறவும் வேண்டும்.

பதிவுகள் ஒழுங்காக இருக்கும் வீட்டில் சத்தியம் செய்ய வேண்டிய தேவை குறைவு. போரிலோ வெள்ளத்திலோ எல்லாத் தாளையும் இழந்தவருக்கோ சத்தியம் ஒன்றே கைமுதல். அலட்சியத்தால் பொய்யாகச் சத்தியம் செய்கிற ஒவ்வொருவரும், வேறு வழியின்றி மெய்யாகச் சத்தியம் செய்கிற அந்த ஏழையின் சொல்லையும் அதிகாரிகள் ஐயுறச் செய்கிறோம். அத்திப்பட்டிலோ அபுதாபியிலோ, எங்கே ஒப்பமிட்டாலும் இதை மறவாமல் இடுவோமாக. நம் நாவையும் எழுதுகோலையும் வல்ல இறைவன் உண்மையில் நிலைநிறுத்துவானாக!