நடையும் ஓட்டமும் பயிற்சியான கதை

பள்ளி 'டிரில்' வகுப்பு உங்களுக்கு நினைவிருக்கும். "ஒன்று" என்றால் கைகள் மேலே. "இரண்டு" என்றால் பக்கவாட்டில். கால்களோ நின்ற இடத்தைவிட்டு நகரா! 1813-ஆம் ஆண்டில் ஸ்டாக்ஹோமில் பயிற்சி நிலையம் நிறுவிய லிங் என்பவரின் வழியில் ஐரோப்பாவெங்கும் பரவிய முறை இத்தகையது. இப்படிப் பழகியவன் ஆபத்து வேளையில் சுவரேறித் தப்புவானா?

இக்கேள்விக்கு விடை காண, மனிதன் உண்மையில் எப்படி நடக்கிறான் என்பதை முதலில் அறிய வேண்டியிருந்தது. 1880-களில் பாரிசில் மாரே என்ற உடலியல் அறிஞர், கறுப்பு உடையில் கைகால் நெடுக வெள்ளைக் கோடுகள் இட்ட ஆட்களைக் கரிய திரையின் முன் நடக்கவிட்டு, ஒரே தகட்டில் அடுத்தடுத்துப் பல படங்கள் எடுத்தார். தலை நேர்கோட்டில் செல்லவில்லை. அலைபோல் ஏறி இறங்கியது.

நீங்களே சோதிக்கலாம். சாக்குக்கட்டியைத் தோளோடு ஒட்டிப் பிடித்துச் சுவரோரமாக நடந்து பாருங்கள். (புதிதாக வெள்ளையடித்த சுவர் வேண்டாம்!) ஊன்றிய கால் நிமிரும்போது உடல் உச்சிக்கு வருகிறது, வேகம் சற்றுக் குறைகிறது, பின் தாழும்போது நிலையாற்றல் இயக்க ஆற்றலாக மாறுகிறது. தலைகீழாகத் திருப்பிய ஊசல் எனலாம். ஓட்டத்தில் நிலைமை வேறு. கால் ஊன்றியிருக்கும்போது உடல் தாழ்ந்து, குதிகால் தசைநாண் வில்சுருள்போல் நீண்டு மீள்கிறது. இவ்வேறுபாட்டை 1960-களிலும் 70-களிலும் இத்தாலியரான கவான்யா முதலியோர் அளந்து நிறுவினர். நின்ற இடத்து டிரில் இவ்விரண்டையும் பழக்குவதில்லை.

மாரேயின் உதவியாளராயிருந்த தெமெனி, விறைத்த அசைவுகளைக் கைவிட்டுத் தொடர்ந்தோடும் அசைவுகளை வற்புறுத்தினார். அவர் கருத்துகளால் ஈர்க்கப்பட்டவர் பிரெஞ்சுக் கடற்படை அதிகாரி ஜார்ஜ் எபேர். 1902 மே 8-இல் மார்த்தினிக் தீவின் பெலே எரிமலை வெடித்து ஏறத்தாழ 28,000 பேர் மாண்டபோது மீட்புப் பணியில் ஈடுபட்டவர் இவர். உடல் வலிமை பிறருக்குப் பயன்பட வேண்டும் என்பதே பின்னர் அவரது கொள்கையாயிற்று.

கடற்படை வீரர்களுக்கு அவர் வகுத்த 'இயற்கை முறை'யில் நடை, ஓட்டம், தாவல், நான்கு கால் நடை, ஏறுதல், சமநிலை, எறிதல், தூக்குதல், தற்காப்பு, நீச்சல் எனப் பத்து வகை. வெட்டவெளியில், குறைந்த உடையோடு, நடந்தும் ஓடியும் செல்லும் வழியிலேயே மற்றவையும் செய்யப்படும். எனக்குப் பிடித்தது அவருடைய மதிப்பெண் அட்டை. 100 மீட்டர் ஓட்டம், கயிறேற்றம், 40 கிலோ எடை தூக்குதல் என ஒவ்வொன்றும் அளக்கப்பட்டது. ஆனால் பழங்குடியினரின் உடற்கட்டே இயற்கையின் இலட்சியம் என்று அவர் கூறியது கண்டு வியந்ததே, அளந்து கண்டதன்று.

1913-இல் ரைம்ஸ் நகரில் அவர் தலைமையில் பயிற்சிக் கல்லூரி தொடங்கியது. மறு ஆண்டே போர் மூண்டது; குண்டுவீச்சில் கல்லூரி அழிந்தது. எபேர் 1957-இல் மறைந்தார். அவரது முறையின் தடைப் பாதைப் பயிற்சி பிரெஞ்சுப் படையில் நிலைத்தது. அதில் தேர்ந்த ரேமோன் பெல் என்ற பாரிஸ் தீயணைப்பு வீரரிடம் கற்ற மகன் தாவிதுதான், சுவர்களையும் கூரைகளையும் தாவிக் கடக்கும் 'பார்க்கூர்' கலையை 1990-களில் பரப்பியவர்களில் முதன்மையானவர்.